டிசம்பர் எப்படி வந்தது?

போன திருவோணத்தன்று மத்தியானம், பூவாரில் என் வலியம்மை வீட்டு முற்றம். இலைச் சாப்பாடு முடிந்து பெரியவர்கள் திண்ணையில் சாய்ந்து கிடந்தோம். பிள்ளைகள் ஈர்க்கிலால் மணலில் ஒரு கோடு கிழித்து, கோட்டுக்கு இரண்டு பக்கமும் கைகோத்து வரிசையாக நின்றார்கள். ஒரு வரிசையில் அந்த வீட்டுப் பேரப்பிள்ளைகள். எதிர்வரிசையில் கொல்லங்கோட்டிலிருந்தும் சென்னையிலிருந்தும் வந்திருந்த எங்கள் பிள்ளைகள். அந்த வரிசை மலையாளத்தில் பாடிக்கொண்டு நாலடி முன்னால் வந்து, நாலடி பின்னால் போனது. எங்கள் வரிசை தமிழில் பாடிக்கொண்டு அதேபோல வந்து போனது. ராகம் கொஞ்சம் முன்னே பின்னே இருந்தது. ஆனால் அடி தப்பவில்லை. யாரும் யாருக்கும் மொழிபெயர்த்துச் சொல்லவில்லை, ஆட்டமும் நிற்கவில்லை.

இருபது வருஷமாக மொழிபெயர்ப்பை நம்பிப் பிழைக்கிறவள் நான். எனக்கு லேசாகக் கலக்கமாக இருந்தது.

வலியம்மை என்றால் அம்மையின் அக்காள். பூவார், நெய்யாறு கடலில் சேருகிற ஊர். கடற்கரையோடு தெற்கே போனால் பொழியூர். அதைத் தாண்டினால் நீரோடி, தமிழ்நாட்டின் முதல் கடற்கரைக் கிராமம். உள்வழியாகப் போனால் பாறசாலை; அதைத் தாண்டினால் களியக்காவிளை, தமிழ்நாடு. 1956 நவம்பர் 1 வரை இதெல்லாம் ஒரே ராஜ்யம். அன்றைக்கு அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு என்ற நான்கு தாலுகாக்களும் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழ்நாட்டோடு சேர்ந்தன. நெய்யாற்றின்கரைத் தாலுகா கேரளத்தில் நின்றது. எங்கள் குடும்பம் கோட்டின் இரண்டு பக்கமும் நின்றது.

பிள்ளைகள் ஆடியது உங்களில் பெரும்பாலோர் ஆடிய ஆட்டம்தான். பூப்பறிக்க வருவதாக ஒரு வரிசை அறிவிக்கும். எந்த மாதம் என்று எதிர்வரிசை கேட்கும். டிசம்பர் என்று பதில் வரும். என்ன பூ என்று அடுத்த கேள்வி. மல்லிகை, ரோஜா என்று ஆளுக்கொரு பூப்பெயர் ரகசியமாக வைத்திருப்பார்கள். கூப்பிடப்பட்ட பூவும் கூப்பிட்ட வரிசையின் ஆளும் கோட்டில் கைகோத்து இழுப்பார்கள். கோட்டைத் தாண்டி வந்துவிட்டவள் அந்தப் பக்கத்து ஆளாகிவிடுவாள். ஒரு வரிசை கரைந்து காணாமல் போகும்வரை ஆட்டம் தொடரும். சிவாஜி கணேசன் நடித்து 1999-இல் வந்த ‘பூப்பறிக்க வருகிறோம்’ என்ற படத்தின் பெயரைக் கேட்டதும் தமிழ்நாட்டில் பாதிப் பேருக்குப் பள்ளிக்கூட மைதானம் ஞாபகம் வந்திருக்கும். மலையாளப் பாட்டில் மாதம் கிடையாது. அங்கே பூப்பறிக்க வருகிறாயா என்ற அழைப்பு. உங்களுக்கு யார் வேண்டும் என்ற கேள்வி. பூவின் பெயருக்குப் பதில் பிள்ளையின் சொந்தப் பெயர். ஒவ்வொரு அடிக்கும் வாலாக ‘அதிராவிலே’ என்று வரும். அதிகாலையில் என்று அர்த்தம்.

திண்ணையில் வழக்கு ஆரம்பமானது. வலியம்மையின் மகன், எனக்கு அண்ணன், பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். “இது ஓணக்களியாக்கும். அத்தம் தொடங்கினா பிள்ளைகள் வெளுப்பாங்காலம் பூ பறிக்கப் போகும். அதுக்க பாட்டு. உங்க ஆளுகள் இதெக் கேட்டு தமிழ்ல ஆக்கினது” என்றார். கொல்லங்கோட்டு மாமா நிமிர்ந்து உட்கார்ந்தார். மாமாவுக்கு வயல் உண்டு. நெய்யாற்று இடதுகரைக் கால்வாயில் விளவங்கோட்டுக்கு வந்துகொண்டிருந்த தண்ணீர் 2004-இல் நின்றுபோனதிலிருந்து பூவாரில் சாப்பிடுகிற ஒவ்வொரு ஓணச் சாப்பாட்டிலும் அவருக்குக் கொஞ்சம் கசப்பு உண்டு. “தாலுகா போச்சு, தண்ணி போச்சு, இப்ப பாட்டுமா? சங்க காலத்திலேயே தமிழன் பூ வச்சுத்தான் யுத்தமே செஞ்சான். பிள்ளே, நீ எம்.ஏ. படிச்சவதானே, சொல்லு” என்று என்னைப் பார்த்தார்.

மாமாவுக்குத் தெரியாமல் என் புண்ணில் கைவைத்துவிட்டார். எம்.ஏ. இரண்டாம் வருஷம் நாட்டார் வழக்காற்றியல் தாளுக்கு நான் எழுதிக் கொடுத்த கட்டுரையே அதுதான். தொல்காப்பியப் புறத்திணையியலில் போரின் ஒவ்வொரு கட்டத்துக்கும் ஒரு பூ. வெட்சிப் பூச் சூடிப் போகிறவன் பகைவனின் ஆநிரையைக் கவர்ந்து வருவான். மீட்கப் போகிறவன் கரந்தை சூடுவான். நம் விளையாட்டிலும் எதிரெதிரே இரண்டு அணி, நடுவில் எல்லை, பூவின் பெயர், கவர்ந்து செல்லல். ஆகவே இது வெட்சித்திணையின் எச்சம் என்று பதினாறு பக்கம் எழுதியிருந்தேன். பேராசிரியர் முழுவதையும் பொறுமையாகப் படித்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “வெட்சி மறவன் மாடு பிடிக்க டிசம்பர் மாதத்திலாம்மா போனான்?”

வகுப்பே சிரித்தது. கட்டுரையைக் கிழித்துப் போட்டேன். கேள்வியைக் கிழிக்க முடியவில்லை.

மார்கழி இருக்கிறது. வாசலில் கோலம் போட்டுச் சாணிப் பிள்ளையாரில் பூசணிப்பூ வைக்கிற மாதம். நம் பாட்டிமார் இட்டுக்கட்டிய பாட்டு என்றால் மார்கழி என்றோ தை என்றோதானே வரவேண்டும்? டிசம்பர் எப்படி வந்தது? மாதத்தை விடுங்கள், வினைச்சொல்லைப் பாருங்கள். வருகிறோம், வருகிறீர் என்று எந்த ஊர்ப் பிள்ளை பேசுகிறது? வாறோம், வருதோம், வர்றோம் என்று ஊருக்கு ஊர் மாறுமே தவிர, இலக்கணப் புத்தகத்து முன்னிலைப் பன்மை விகுதியோடு எட்டு வயதுப் பிள்ளை எதிரியைக் கூப்பிடாது. வாய்மொழிப் பாட்டு பேச்சுமொழியில் பிறக்கும். தாலாட்டைப் பாருங்கள், ஒப்பாரியைப் பாருங்கள். இந்தப் பாட்டு பாடநூல் மொழியில் பிறந்திருக்கிறது. மலையாளத்திலும் அதே சங்கதி. யார் வேண்டும் என்பதற்கு அந்தப் பாட்டில் வரும் சொல் ‘ஆவச்யம்’. மனு எழுதுகிற சொல், முற்றத்தில் ஆடுகிற சொல் அல்ல. இரண்டு பாட்டுக்கும் பின்னால் ஒரு வாத்தியாரோ டீச்சரோ நிற்கிற நிழல் தெரிகிறது.

பத்திரிகை வேலைக்கு வந்த பிறகு, வேறு ஏதோ தேடப் போன இடத்தில், ஆலிஸ் பெர்த்தா கோம் என்ற ஆங்கிலேய அம்மையாரின் புத்தகம் கையில் கிடைத்தது. இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, அயர்லாந்து நாடுகளின் பாரம்பரிய விளையாட்டுகளைத் திரட்டி 1894-இலும் 1898-இலும் இரண்டு தொகுதிகளாகப் போட்டிருக்கிறார். அகர வரிசைப்படி போகும் முதல் தொகுதியின் கடைசி விளையாட்டு ‘நட்ஸ் இன் மே’. மே மாதத்தில் கொட்டை பொறுக்குவது. படித்துக்கொண்டே போனேன். கைகோத்த இரண்டு வரிசை. நடுவில் ஒரு கோடு. முன்னால் வருவது, பின்னால் போவது. பறிக்க வந்திருப்பதாக அறிவிப்பு. யாரை வேண்டும் என்ற கேள்வி. பெயர் சொல்லிப் பதில். அவளைக் கூட்டிப்போக யார் வருகிறார்கள் என்ற அடுத்த கேள்வி. இருவரும் கோட்டில் இழுப்பது. தோற்றவள் ஜெயித்த பக்கம் சேருவது. பாட்டின் ஒவ்வொரு அடியும் ஒரு மாதத்தின் பெயரைத் திரும்பத் திரும்பச் சொல்கிறது. கடைசி அடி குளிர்ந்த, பனி விழுந்த ஒரு காலைப் பொழுதில் போய் நிற்கிறது. சும்மா காலை அல்ல, அதிகாலை என்று பாடுகிற ஊர்களும் இங்கிலாந்தில் உண்டு.

மாதம், விடிகாலை. தமிழுக்கு மாதம் வந்திருக்கிறது. மலையாளத்துக்கு விடிகாலை வந்திருக்கிறது. ஒரே சொத்தை இரண்டு பிள்ளைகள் பாகம் பிரித்துக்கொண்டதுபோல.

வரிசை கட்டி எதிரெதிரே வந்து ஆள் இழுக்கிற ஆட்டம் உலகத்தில் இன்னும் பல இடங்களில் உண்டு என்பதைச் சொல்லிவிட வேண்டும். ஜப்பானில் ‘ஹனா இச்சிமொம்மே’ என்று ஒன்று இருக்கிறது. ஹனா என்றால் பூ. மொம்மே என்பது பழைய எடைக் கணக்கு. வெள்ளியை நிறுத்து விலை பேசிய காலத்தில் அதுவே விலைக் கணக்கும். அங்கேயும் இரண்டு வரிசை, எதிர்வரிசைப் பிள்ளையைப் பெயர் சொல்லிக் கேட்பது, ஜெயித்தவர்கள் கூட்டிக்கொண்டு போவது எல்லாம் உண்டு. ஆகவே ஆட்டத்தின் அமைப்பு ஒன்றாக இருப்பது மட்டும் சாட்சி ஆகாது. பிள்ளைகள் எங்கே இருந்தாலும் இப்படி ஒன்றைக் கண்டுபிடித்துவிடுவார்கள். ஆனால் அமைப்பு, பறிக்கும் வேலை, கேள்விகளின் வரிசை, மாதம், விடிகாலை எல்லாம் சேர்ந்து தற்செயலாக அமையுமா? நம் பாட்டு அந்த ஆங்கிலப் பாட்டின் பேத்தி என்பது என் ஊகம். ஊகம்தான், ஆனால் பலமான ஊகம்.

வழி எது? இந்தக் கரையில் அதற்கு ரொம்ப தூரம் தேட வேண்டியதில்லை. லண்டன் மிஷன் சங்கத்தார் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே தென்திருவிதாங்கூருக்கு வந்துவிட்டார்கள். மயிலாடி, நாகர்கோவில், நெய்யூர், பாறசாலை என்று வரிசையாக அவர்களின் மிஷன் நிலையங்கள், பள்ளிக்கூடங்கள். 1819-இல் வந்த சார்லஸ் மால்ட் பாதிரியாரின் மனைவி மார்த்தா மால்ட், நாகர்கோவிலில் பெண்பிள்ளைகளுக்கு எழுத்தோடு லேஸ் பின்னலும் கற்றுக்கொடுத்தார். பிறகு அந்த லேஸே நாகர்கோவிலுக்கு ஒரு அடையாளம் ஆயிற்று. இந்த நிலையங்களில் தெற்கே தமிழ், வடக்கே மலையாளம், நடுவில் இரண்டும். ஊசியும் நூலும் வந்த வழியில் பாட்டும் ஆட்டமும் வரத் தடை என்ன? இங்கேதான் வந்தது என்று நான் அடித்துச் சொல்லவில்லை. பாளையங்கோட்டையில் வந்திருக்கலாம், கோட்டயத்தில் வந்திருக்கலாம். எங்கே ஒரு பெண்கள் பள்ளியும் ஒரு ஆங்கிலப் பாட்டுப் புத்தகமும் ஒரு உள்ளூர் டீச்சரும் சந்தித்தார்களோ அங்கெல்லாம் இது நடந்திருக்கலாம்.

திண்ணையில் இதைச் சொன்னேன். அண்ணனும் மாமாவும் அன்றைக்கு முதல்முறையாக ஒரே கட்சியில் சேர்ந்தார்கள். “அப்ப ரெண்டு பேருக்கும் இல்லைன்னா சொல்லுக?” என்றார் அண்ணன். “வெள்ளக்காரனுக்கு விட்டுக்குடுக்கதுக்கா உன்னப் படிக்க வச்சோம்?” என்றார் மாமா.

இருவருக்கும் நான் சொன்ன பதிலை இங்கேயும் சொல்கிறேன். கொட்டையை யார் பூவாக்கியது? மே மாதத்தில் இங்கிலாந்தில் பறிக்கக் கொட்டை கிடையாது. ‘மே’ என்று அவர்கள் சொல்வது மாதத்தை மட்டுமல்ல, அப்போது வேலிகளில் பூக்கும் ஒரு வெள்ளைப் பூவையும்தான். பூங்கொத்தைக் குறித்த ‘நாட்’ என்ற சொல்லே பிள்ளைகள் வாயில் ‘நட்’ ஆகிவிட்டது என்று விளக்குகிறவர்கள் உண்டு. அது சரியென்றால், மூலம் தொலைத்த பூவைப் பேத்திகள் திரும்பக் கண்டெடுத்துவிட்டார்கள். கேரளத்துப் பிள்ளைகளுக்கு அத்தப்பூக்களத்துக்காக விடியுமுன் பூப்பறிக்கிற வழக்கம் ஏற்கெனவே உண்டு. ஆகவே அவர்கள் விடிகாலையை வைத்துக்கொண்டார்கள். தமிழ்ப் பிள்ளைகளுக்கு டிசம்பர் பனியும் பூவும் சேர்ந்த மாதம், அரைப்பரீட்சை முடிந்து விடுமுறை வருகிற மாதம். அந்தப் பெயரில் ஒரு பூவே நம்மிடம் உண்டு. பள்ளிக்கூடத்துப் பெண்கள் தலையில் நிறைய பார்த்திருப்பீர்கள். மே மாதத்தை அப்படியே வைத்திருந்தால் அக்னி நட்சத்திரத்தில் என்ன பூவைப் பறிப்பது? ஊருக்கும் பருவத்துக்கும் பொருந்துகிற மாதிரி யாரோ மாற்றியிருக்கிறார்கள். ஒருவரா, பலரா, டீச்சரா, பிள்ளைகளா? அட்டையில் பெயர் போட்டுக்கொள்ளாத மொழிபெயர்ப்பாளர்கள். அவர்கள் செய்த வேலையை யாரும் மொழிபெயர்ப்பு என்று கண்டுபிடிக்கவில்லை. அதைவிடப் பெரிய பாராட்டு எங்கள் தொழிலில் இல்லை.

பெரியவர்களுக்குத்தான் தோற்றம் புராதனமாக இருக்க வேண்டும். அதில் கொஞ்சம் ரத்தமும் இருக்க வேண்டும். நான் ஆநிரை கவர்தலைக் கண்டேன். கோம் அம்மையார் அந்த ஆங்கில விளையாட்டில், ஒரு கூட்டம் இன்னொரு கூட்டத்தின் பெண்ணைத் தூக்கிக்கொண்டு போய்க் கல்யாணம் செய்த ஆதிகால வழக்கத்தின் எச்சத்தைக் கண்டார். மெக்லெனன் 1865-இல் கவர்மணம் பற்றி எழுதியிருந்தார். டைலர் 1871-இல் பிள்ளை விளையாட்டுகளில் பழைய காலம் ஒளிந்திருக்கிறது என்று எழுதியிருந்தார். அந்தக் காலத்துக் கண்ணாடி அது. பின்னால் வந்த ஆராய்ச்சியாளர்கள் கழற்றி வைத்துவிட்டார்கள். ஜப்பானியர்கள் தங்கள் பாட்டில் வறுமைக்குப் பெண்பிள்ளையை விற்ற கதையைச் சொல்கிறார்கள்: பூ என்பது பெண், மொம்மே என்பது அவள் விலை. ரோஜா வளையம் சுற்றி விழுகிற ஆங்கிலப் பாட்டை பிளேக் நோயோடு முடிச்சுப் போடுகிற கதையும் இந்த ஜாதிதான். அந்த விளக்கம் பரவியதே இருபதாம் நூற்றாண்டின் நடுவில். பிள்ளைகள் சிரித்துக்கொண்டு ஆடுவதை நம்மால் அப்படியே விட முடிவதில்லை. அடியில் ஒரு எலும்புக்கூடு இருந்தே தீரவேண்டும்.

இப்படிப் பேசிக்கொண்டிருந்தபோது அதுவரை கண்ணை மூடிக் கிடந்த வலியம்மை வாய் திறந்தாள். 1958-இல், எல்லை போட்டு இரண்டு வருஷம் கழித்து, கொல்லங்கோட்டிலிருந்து பூவாருக்குக் கட்டிக்கொடுக்கப்பட்டவள். அப்போது பதினேழு வயது. மலையாளம் எழுதத் தெரியாது. பேசினால் தமிழ் வாடை அடிக்கும் என்று முதல் ஒரு வருஷம் அடுக்களையை விட்டு வெளியே வந்து பேசியதே இல்லை என்று அம்மை சொல்லிக் கேட்டிருக்கிறேன். இன்றைக்குப் பேரப்பிள்ளைகள் அவளிடம் பேசுவது மலையாளம்; அவள் கனவில் பேசுவது என்ன மொழி என்று யாரும் கேட்டதில்லை.

“யாருக்க பாட்டா இருந்தா என்ன மக்களே?” என்றாள். “இழுத்துக்கிட்டுப் போனா அந்தப் பக்கம் நின்னுல்லா பாடணும். நான் பாடல்லியா?”

திண்ணையில் சத்தம் அடங்கிவிட்டது.

கோம் அம்மையாரை நான் எத்தனையோ தடவை மனதுக்குள் கேலி செய்திருக்கிறேன். தோற்றத்தைப் பற்றி அவர் சொன்னது தப்புத்தான். ஆனால் எண்பது தாண்டிய இந்தக் கிழவி, அவர் பெயரைக் கேள்விப்படாமலே, அதே இடத்துக்கு வந்து நின்றாள். ஒரு பாட்டு எங்கே பிறந்தது என்பது ஒரு கேள்வி. அதன் அர்த்தம் என்ன என்பது வேறு கேள்வி. முதல் கேள்விக்கு மாதப் பெயரும் வினைமுற்றும் சாட்சி சொல்லும். என்னைப் போன்றவர்கள் பதில் தேடலாம். இரண்டாவது கேள்விக்குப் பதில் பாடுகிறவர்களிடம்தான் இருக்கிறது. அதுவும் எட்டு வயதில் ஒன்று, பதினேழில் ஒன்று, எண்பதில் ஒன்று. நாங்கள் மூன்று பேரும் முதல் கேள்விக்காகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தோம். அவள் இரண்டாவதைச் சொல்லிவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

இந்த ஆட்டத்தில் எனக்கு எப்போதும் பிடித்த ஒரு விதி உண்டு. தோற்றவள் வெளியே போய் உட்காருவதில்லை. சடுகுடுவில் அவுட் ஆனால் ஓரமாக நிற்க வேண்டும். இதில் எதிரியின் கையைப் பிடித்துக்கொண்டு, ஒரு நிமிஷத்துக்கு முன்னால் வரைக்கும் தன் வரிசையாக இருந்ததைப் பார்த்துப் பாட வேண்டும். யாரும் குறைவதில்லை, வரிசைதான் மாறுகிறது. கடைசியில் கோட்டுக்கு ஒரு பக்கம் எல்லாரும் நிற்பார்கள், மறுபக்கம் வெறும் மணல். அப்போது ஆட்டம் முடியும். மறுபடி பிரிந்தால்தான் மறுபடி ஆடலாம்.

முற்றத்தில் பார்த்தேன். என் மகளை இழுத்துக்கொண்டு போயிருந்தார்கள். மலையாள வரிசையின் நடுவில் நின்று அவள் சத்தமாகத் தமிழில் பாடிக்கொண்டிருந்தாள். இரண்டு சுற்று போனதும் அடியின் கடைசியில் மட்டும் ‘அதிராவிலே’ என்று சேர்த்துக்கொண்டாள். என்ன அர்த்தம் என்று யாரையும் கேட்கவில்லை.

உங்கள் ஊரில் இந்தப் பாட்டில் எந்த மாதம் வரும்? என்ன பூ? தை, சித்திரை என்று பாடிய ஊர் ஏதாவது இருந்தால், மும்பையிலோ டெல்லியிலோ கொல்கத்தாவிலோ இருந்தாலும், ஒரு கார்டு போடுங்கள். என் ஊகம் கோட்டைத் தாண்டி இழுபட்டுப் போனால் அந்தப் பக்கம் நின்று பாட எனக்கு வருத்தமில்லை.